சித்தி பிழையாக வாசித்த படம்

எங்கள் பரந்தன் சனசமூக நிலையத்தில் ஒரு ஞாயிறு பின்னேரம் ஜப்பான் படமொன்று போட்டார்கள். பேசாத படம். ஆட்கள் வாயசைப்பார்கள், சத்தம் வராது. பிறகு கறுப்புத் திரையில் ஆங்கிலத்தில் ஒரு வரி வரும். அதைத் தமிழில் சொல்ல என் சித்தியைப் பிடித்திருந்தார்கள். நான் ஐந்தாம் வகுப்பில் ஆங்கிலத்துக்குப் பரிசு வாங்கியவள். என்னை ஒருவரும் கேட்காதது எனக்குப் பெரிய குறை.

அந்தக் கிழமைதான் சித்திக்கு வவுனியா நெளுக்குளத்தில் ஆசிரியர் வேலை கிடைத்துக் கடிதம் வந்திருந்தது. போக அவ்வளவு ஆசை. ஆனால் பாரிசவாதத்தில் ஒரு பக்கம் விழுந்துபோன அம்மப்பாவைக் குளிப்பாட்டுவதும் சோறு குழைத்துக் கொடுப்பதும் சித்திதான். கடிதம் அலுமாரிக்குள் போனது. அதைப் பற்றி வீட்டில் ஒருவரும் கதைக்கவில்லை, அதிசயமாக நான்கூட.

படத்திலும் ஒரு மகள், நோயாளித் தகப்பன். பட்டணத்தில் வேலை கிடைத்தவள் போவதா நிற்பதா என்று படம் முழுக்கத் தவித்தாள். முன்வரிசையில் அம்மப்பா கண்வெட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் அவள் பெட்டியை ஒதுக்கிவைத்துவிட்டுத் தகப்பன் முன்னால் குனிந்தாள். வரி வந்தது. நான் எழுத்துக்கூட்டி முடித்துவிட்டேன்: நான் போகவில்லை, அப்பா.

சித்தி திரையை விட்டு முன்வரிசைப் பக்கம் திரும்பினார். "அப்பா, நான் போயிட்டு வாறன்" என்று வாசித்தார்.

திரையில் தகப்பனின் வாய் அசைந்தது. அதற்கு வரி எதுவும் வரவில்லை. முன்வரிசையிலிருந்து அம்மப்பாவின் குழறிய குரல் வந்தது:

"போயிட்டு வா, பிள்ளை."

எல்லாரும் சிரித்தார்கள். அம்மா மட்டும் சீலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்தார்.

எனக்குப் பொறுக்கவில்லை. வீட்டுக்கு வரும் வழியில் அம்மப்பாவின் சக்கரக் கதிரையைத் தள்ளியபடியே கோள் சொன்னேன்.

"சித்தி பிழையா வாசிச்சவா, அம்மப்பா. அவள் போகேல்லை எண்டுதான் கிடந்தது."

"ஓம், எனக்கும் விளங்கினது" என்றார் அவர். "உன்ர அம்மாட்டைச் சொல்லு, நாளையிலயிருந்து எனக்குச் சோறு குழைக்கப் பழகட்டாம்."

அடுத்த கிழமை சித்தி பெட்டியோடு வவுனியா பஸ்ஸில் ஏறினார். அம்மப்பா நல்ல கையைத் தூக்கி அசைத்தார். நான் வாசல் படலையைப் பிடித்துக்கொண்டு விம்மி விம்மி அழுதேன். ஒரு வரியைப் பிழையாக வாசித்ததற்காகத்தான் சித்தியை வீட்டைவிட்டு அனுப்புகிறார்கள், அதற்குக் காரணம் நான் சொன்ன கோள்தான் என்று வெகுகாலம் நம்பியிருந்தேன்.