இளவேனில் என்று கூப்பிட ஓர் ஆள்

வருடத்துக்கு ஒருமுறை கே.எல். சென்ட்ரல் ரயில் நிலையத்தை ஒட்டிய பேரங்காடிக்கு வசந்தம் வரும். லோரியில் வரும். சீனப் புத்தாண்டு நெருங்கும்போது ஆட்கள் ஏணி போட்டு ஏறி, பழுப்பு நிறப் பிளாஸ்டிக் கிளைகளில் இளஞ்சிவப்புப் பிளாஸ்டிக் பூக்களைக் கம்பியால் கட்டுவார்கள். பக்கத்தில் பெரிய எழுத்தில் ‘ஸ்பிரிங்’ என்று ஒரு பலகை. ஜனங்கள் அதன் முன்னால் நின்று படம் எடுத்துக்கொள்வார்கள். பண்டிகை முடிந்ததும் பூக்களைக் கழற்றி அட்டைப்பெட்டியில் அடைத்து ஏற்றிக்கொண்டு போய்விடுவார்கள். கண்ணாடிக் கதவுக்கு வெளியே எப்போதும் போல வெயில் அடிக்கும், சாயங்காலமானால் எப்போதும் போல மழை கொட்டும். ஊரிலிருந்து இதைப் படிப்பவர்களுக்குச் சொல்கிறேன், இந்த மலேசியாவில் என்ன மாதம் நடக்கிறது என்று வானத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது. வந்த புதிதில் அது எனக்கு நிம்மதியாக இருந்தது. இப்போதெல்லாம் ஒரே நாளைத் துவைத்துத் துவைத்துப் போட்டுக்கொள்வதுபோல அலுப்பாக இருக்கிறது.

இந்த வருடமும் அந்தப் பூக்களைக் கட்டினார்கள். போன வருடம் வரை என் மகளை அங்கே நிறுத்திப் படம் எடுப்பேன். “இது உன் பேர் பாப்பா” என்று காட்டுவேன். அவள் பெயர் இளவேனில். அவள் இப்போது என்னோடு இல்லை. கரூரில் அவளுடைய அத்தை வீட்டில் இருந்து ஒன்றாம் வகுப்பு படிக்கிறாள். பிள்ளையைப் பிரிந்திருப்பது ஒரு கவலை. அதற்கு மேல் இன்னொரு கவலை, வெளியில் சொன்னால் சிரிப்பார்கள். அந்த வீட்டில் அவளை இளவேனில் என்று கூப்பிட ஆள் இல்லை.

இங்கே அந்தப் பெயரை விளக்கி விளக்கியே எனக்கு வாய் ஓய்ந்துபோனது. அலுவலகத்தில் என் பக்கத்து இருக்கை சியூ லிங், என்னை ஒத்த வயதுக்காரி, ஒருநாள் அர்த்தம் கேட்டாள். நானும் பேரங்காடிப் பலகையில் இருந்ததையே சொன்னேன். அப்படியென்றால் சீனப் புத்தாண்டில் பிறந்தாளா என்று கேட்டாள். இல்லை, அக்டோபரில் என்றேன். அவள் கொஞ்சம் யோசித்துவிட்டு, தன் பெரியம்மா பேரிலும் வசந்தம் உண்டு, அது பழைய காலத்து ஆன்டிகளின் பேர், குழந்தைக்கு ஏன் வைத்தாய் என்று பரிதாபமாகக் கேட்டாள். எங்கள் ஊரில் இது யாருக்கும் இல்லாத புதுப் பெயர் என்று நான் சொன்னதை அவள் நம்பவில்லை. அதற்குப் பிறகு என் மகளைப் பற்றி விசாரிக்கும்போதெல்லாம் “உன் குட்டிப் பெரியம்மா எப்படி இருக்கிறாள்?” என்றுதான் கேட்பாள்.

உண்மையில் நான் சொன்ன அர்த்தமும் அரைகுறைதான். பழைய தமிழர்கள் வருடத்தை ஆறாகப் பிரித்தார்கள். கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில். சித்திரையும் வைகாசியும் இளவேனில். வேனில் என்றால் வெயில் காலம். கரூர்க்காரர்களுக்குச் சித்திரை வைகாசியைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். தார் ரோடு இளகும், குழாயைத் திறந்தால் கொதிதண்ணீர் வரும், கரண்ட் போனால் விசிறி அட்டையைத் தேடி வீடே அல்லோலகல்லோலப்படும். அந்தக் கொளுத்துகிற வெயிலில்தான் புங்கமரம் பளபளவென்று தளிர்விடும், வேம்பு பூக்கும், தெருவெல்லாம் அந்தப் பூ உதிர்ந்து கிடக்கும். இது எங்கள் வசந்தம். குளிர் விலகிப் பூப்பூக்கிற வெளிநாட்டு வசந்தத்துக்கும் இதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. பள்ளிக்கூடத்தில் இரண்டுக்கும் ஒரே இங்கிலீஷ் வார்த்தையைச் சொல்லிக் கொடுத்துவிட்டார்கள். போனில் முதன்முதலாக இந்தப் பெயரைச் சொன்னபோது அண்ணி, அதாவது என் கணவரின் அக்கா, விழுந்து விழுந்து சிரித்தார். வேனல்கட்டி என்றே வைத்துவிடேன், கூப்பிடச் சுலபம் என்றார்.

அந்தச் சிரிப்புக்குப் பின்னால் கோபம் இருந்தது எனக்குத் தெரியும். எங்கள் பக்கத்தில் முதல் பெண் குழந்தைக்கு அப்பாவைப் பெற்றவள் பெயரை வைப்பது வழக்கம். என் மாமியார், நான் உண்டாவதற்குக் கொஞ்ச நாள் முன்புதான் தவறிப் போயிருந்தார். அவர் பெயர் தனபாக்கியம். எழுதிவிட்டேன். எழுதினால் குற்றமில்லை என்று வைத்துக்கொள்வோம், ஏனென்றால் வாயால் சொல்ல எனக்கு வராது. மருமகள் மாமியார் பெயரைச் சொல்லக் கூடாது என்பது அதே ஊரின் இன்னொரு வழக்கம். பேத்திக்குப் பாட்டி பெயரை வைப்பார்கள், பெற்றவள் அந்தப் பெயரைச் சொல்லிப் பிள்ளையைக் கூப்பிட முடியாது, பாப்பா, கண்ணு, ஏ புள்ள என்று காலத்தை ஓட்ட வேண்டும். என் அம்மா என்னை அப்படித்தான் வளர்த்தாள். என் பெயரை அவள் வாயால் நான் கேட்டதே இல்லை. இதையெல்லாம் மூடநம்பிக்கை என்று பேசுகிறவள்தான் நான். ஆனாலும் மாமியார் பெயரை உச்சரிக்கப் போனால் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்கிறது. சோறு ஊட்டவும், திட்டவும், கொஞ்சவும் எனக்கு ஒரு பெயர் வேண்டியிருந்தது. இரண்டு வீட்டிலும் செத்தவர், இருப்பவர் யாரும் உரிமை கொண்டாட முடியாத பெயராகத் தேடினேன். கிள்ளானில் பிறந்த பிள்ளைக்குக் கிள்ளானிலேயே இளவேனில் என்று பதிவு செய்தோம்.

பெயர் சூட்டுவதற்குக் கைக்குழந்தையோடு கரூர் போனோம். காதில் பெயரைச் சொல்வது அத்தையின் உரிமை. அண்ணி குழந்தையை மடியில் வாங்கி, வெற்றிலையால் மறைத்துக்கொண்டு, மூன்று முறை சொன்னார். மூன்று முறையும் தன் அம்மாவின் பெயரைத்தான் சொன்னார். பக்கத்தில் நின்ற எனக்குத் தெளிவாகக் கேட்டது. என் கணவரைப் பார்த்தேன். அவர் கண் கலங்கி நின்றார். சந்தோஷத்திலா, சங்கடத்திலா என்று இன்றுவரை நான் கேட்கவில்லை. அன்றிலிருந்து மகளைப் பாப்பா என்று மட்டும்தான் கூப்பிடுகிறார். அக்கா பக்கமும் சாயாமல் பெண்டாட்டி பக்கமும் சாயாமல் தப்பிக்க அவருக்கு அது ஒரு வழி.

திரும்பி வந்ததும், கிள்ளானில் நாங்கள் குடியிருக்கும் பண்டமாரானில், வாழ்க்கை எங்களைப் பிடித்துக்கொண்டது. அவருக்குப் போர்ட் கிள்ளானில் கிடங்கு வேலை, ஷிஃப்ட் மாறி மாறி வரும். எனக்குக் கே.எல்.லில் கணக்குப் பிரிவில் வேலை. கிள்ளானில் கொமுட்டர் ரயில் ஏறினால் தூங்கி வழிந்துகொண்டே போய் இறங்க வேண்டும், ரயில் தாமதமானால் நின்றுகொண்டே தூங்க வேண்டும். பிள்ளையைப் பக்கத்து வரிசை வீட்டுப் புஷ்பா அக்கா பார்த்துக்கொண்டார். காப்பார் பக்கம் ரப்பர் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர். நான் வழக்கம்போல, இந்த ஊரில் வசந்தமே இல்லை, இவளுக்குப் போய் இந்தப் பெயரை வைத்தேன் என்று ஒருநாள் அவரிடம் புலம்பினேன்.

“யாரு சொன்னா இல்லன்னு? பால்மரம் எல பூரா கொட்டிரும் லா. அப்புறம் செம்பு கலருல துளிர் விடும், பாக்க அவ்ளோ அழகு. ஆனா எங்களுக்குப் புடிக்காது. எல கொட்டுனா பால் கொறஞ்சிரும், அப்பா கையில காசு இருக்காது. பசியாற வெறும் தேத்தண்ணிதான்.”

நான் ரசிக்கத் தயாராக இருந்தேன், அவர் பேச்சை முடித்துக்கொண்டு துணி எடுக்கப் போய்விட்டார். அந்தத் தோட்டம் இப்போது தாமான் என்கிற குடியிருப்பு, வீடுகளாக நிற்கிறது. மகளை அவர் ‘இளா’ என்று சுருக்கிக் கூப்பிடுவார். பாலர் பள்ளி ஆசிரியைக்கும் இளாதான். முழுப் பெயரையும் சொல்லிக் கூப்பிட்டது நான் ஒருத்திதான். சாயங்காலம் அக்கா வீட்டு கேட்டருகே நின்று “இளவேனில்” என்று குரல் கொடுத்தால், ஒரு செருப்பை மட்டும் மாட்டிக்கொண்டு ஓடி வருவாள். நாள் முழுக்க யார் யாருக்கோ பதில் சொல்லிக் களைத்த எனக்கு அந்த ஒரு நிமிஷம் போதுமாக இருந்தது.

பள்ளி வயது வந்ததும் கணக்கு உதைத்தது. எங்களைப் போல ‘பாஸ்’ என்கிற வேலை விசாவில் இருப்பவர்களின் பிள்ளைகளை அரசுப் பள்ளியில் சேர்ப்பது எளிதில்லை. தனியார் பள்ளிக் கட்டணம் எங்கள் இரண்டு பேர் சம்பளத்துக்கும் எட்டாது. பாஸை நீட்டித் தருவார்களா என்பது ஒவ்வொரு முறையும் நிச்சயமில்லை. அண்ணி தானாகவே சொன்னார், என்னிடம் விடு, பையன்கள் ஹாஸ்டலில் இருக்கிறார்கள், வீடு வெறிச்சென்று கிடக்கிறது என்று. வேலையை விட்டுவிட்டு நானும் போய்விடலாமா என்று யோசித்தேன். ஒரு சம்பளத்தில் இங்கே வாடகையும் அங்கே வீட்டுக் கடனும் ஓடாது. நாங்கள் இதைப் பற்றிச் சண்டைகூடப் போடவில்லை. அவ்வளவு களைப்பு.

சித்திரை கடைசியில் அவளைக் கொண்டுபோய் விட்டேன். கரூரில் இறங்கியதும் வெயில் முகத்தில் அறைந்தது. அண்ணி வீட்டுத் தெருவில் புங்கமரம் அப்படி ஒரு பச்சையாக நின்றது. மகளை அதன் அடியில் நிறுத்தி, இதுதான் நிஜ இளவேனில், இதுதான் உன் பேர் என்று காட்டினேன். அவள் மரத்தைப் பார்த்தாள், கானல் அலையும் ரோட்டைப் பார்த்தாள், கழுத்துப் பக்கம் சொறிந்துகொண்டாள். “ரொம்ப ஹாட்டா இருக்கு லா, அம்மா. வீட்டுக்குப் போலாம்” என்றாள். அந்த மலேசிய ‘லா’வைக் கேட்டு அண்ணி வீட்டில் எல்லோரும் சிரித்தார்கள். இரண்டாம் நாளே அவளுக்கு உடம்பெல்லாம் வேர்க்குரு. அண்ணி சந்தனம் இழைத்து, தடவி, விசிறி, மடியிலேயே தூங்க வைத்தார். அதில் ஒரு குறையும் சொல்ல முடியாது.

கிளம்புவதற்கு முந்தின நாள் தயங்கித் தயங்கி அவரிடம் கேட்டேன், அவளை இளவேனில் என்றே கூப்பிடுங்கள் என்று. அண்ணி மறுக்கவில்லை. தூங்கும் பிள்ளையின் தலையைத் தடவிக்கொண்டே சொன்னார்:

“கூப்புடறேன். ஆனா வாயில அந்தப் பேருதான் வருது, நா என்ன பண்ணட்டும்? அம்மா இருந்த வரைக்கும் அம்மா பேர ஒருநாளும் நா சொன்னதில்ல. பெத்தவ பேர எப்புடிச் சொல்றது? இப்பத்தான் நாள் பூரா சொல்றேன். தனம்னு கூப்புட்டா ‘ம்’னு கேக்குது பாரு, எனக்கு அழுகையே வருது.”

ஒரு பெயரை வாய்விட்டுச் சொல்ல முடியாத கஷ்டம் என்னவென்று எனக்கும் தெரியும். அவர் மேல் எனக்குப் பொறாமையாக இருந்தது, அழுத்தமாகவே இருந்தது. ஆனால் கோபம் வரவில்லை. கோபப்பட்டிருந்தால் கொஞ்சம் தெம்பாகவாவது திரும்பியிருப்பேன்.

இப்போது சாயங்காலம் ரயிலை விட்டு இறங்கினால் நேராக வீட்டுக்குப் போகலாம். புஷ்பா அக்கா வீட்டு வாசலைக் கடக்கும்போது அவர் கையை ஆட்டுவார், “இளா எப்படி இருக்கா?” என்பார், நல்லா இருக்கா என்பேன். வீட்டில் பெயர் சொல்லிக் கூப்பிட யாரும் இல்லை. கணவர் ஷிஃப்டில் இருப்பார். நான் விளக்கைப் போட்டு, குக்கரை வைத்துவிட்டு, போனை எடுப்பேன். இங்கே இருட்டியிருக்கும், அங்கே அவள் பள்ளி விட்டு வந்து மோர் குடித்துக்கொண்டிருப்பாள். முதல் மாதங்களில் திரையில் என்னைக் கண்டதும் அழுவாள். பிறகு அழுகை நின்றது. பிறகு ‘லா’ போனது. பள்ளியில் நோட்டு அட்டையில் இளவேனில் என்றுதான் எழுதியிருக்கிறார்கள், ஆனால் டீச்சரம்மா அதே தெரு, அவருக்கும் இவள் தனம்தான்.

போன வாரம் பேரங்காடிப் பூக்களைப் படம் எடுத்து அனுப்பிவிட்டுக் கூப்பிட்டேன். பூவைப் பார்த்தியா என்றேன். பார்த்தேன் என்றாள். அவள் ஏதோ வரைந்துகொண்டிருந்தாள், தலை குனிந்தே இருந்தது. “இளவேனில்” என்று கூப்பிட்டேன். நிமிரவில்லை. இன்னொரு முறை கூப்பிட்டேன். பின்னாலிருந்து அண்ணி, தனம், அம்மா கூப்புடறா பாரு என்றார். உடனே நிமிர்ந்தாள்.

“ஏன் கண்ணு, அம்மா கூப்பிட்டது கேக்கலையா?”

“நீ இளவேனில்னு கூப்பிட்டே. நா இங்க தனம்மா.”

“அப்ப இளவேனில் யாரு?”

நான் விளையாட்டாகத்தான் கேட்டேன். அவள் விளையாட்டாகப் பதில் சொல்லவில்லை. இதுகூடத் தெரியாதா என்பதுபோல என்னைப் பார்த்தாள்.

“அவ மலேசியாலதான இருக்கா. உன்கூட.”

குக்கர் சத்தம் போட்டது, எழுந்துபோய் அணைக்கத் தோன்றவில்லை. அவள் பென்சிலைக் கீழே வைத்துவிட்டு, திரைக்குக் கிட்டத்தில் முகத்தைக் கொண்டுவந்து, எனக்குப் பின்னால் அறையில் எதையோ தேடினாள். பிறகு அண்ணிக்குக் கேட்காத குரலில் கேட்டாள்.

“அவ என்னையக் கேட்டாளாம்மா?”

“தெனமும் கேக்கறா” என்றேன்.