ஓரகத்தி வீட்டு நெருப்பு

எனக்கும் என் ஓரகத்திக்கும் ஆகவே ஆகாது. என் வீட்டுக்காரரின் அண்ணன் மனைவி அவள். நடுவில் ஒரு மண்சுவர்தான். அந்தத் தவசு காலம் முழுக்க என் புள்ளிக்கோழி அவளுடைய வைக்கோல் போரில் போய் முட்டையிட்டது. என்ன கோழி தெரியுமா அது! கோம்பை நாயையே கொத்தி விரட்டும். வேதக்காரர்கள் நாங்கள்; ஈஸ்டருக்கு முந்தின நாற்பது நாள் தவசில் முட்டை தொடமாட்டோம். அவளும் தின்னவில்லை, எனக்குத் தரவும் இல்லை.

தவசு முடியும் பெரிய சனிக்கிழமை காலை வீட்டு அடுப்பை அணைத்துவிட்டு, கோயிலில் மந்திரித்த புது நெருப்பை ஓட்டில் ஏந்தி வருவோம். அதில் பொங்கித்தான் ஒருசந்தி நோன்பை முடிப்போம். அந்த வருஷம் பாதி வழியில் கோடை மழை கொட்டி எல்லார் நெருப்பும் அவிந்தது. மூடிபோட்ட சட்டியில் கொண்டுவந்த அவளுடையது மட்டும் பிழைத்தது.

தெருவுக்கே கங்கு அள்ளிக் கொடுத்தவள் என்னைக் கண்டதும் சட்டியை மூடினாள்.

“முட்டை என்னுதுன்னு சொல்லுடி, தாரேன்.”

“ஏன்க்கா, நீயா இட்ட?”

தெரு சிரித்தது. அவளுக்கு மூக்கு விடைத்தது.

“இவளுக்கு எவளாச்சும் கங்கு குடுத்தீக, அப்புறம் என் வாசல்ல வந்து நிக்காதீக!”

ஒருத்தியும் என் பக்கம் திரும்பவில்லை. கல்லைத் தட்டி நெருப்பு உண்டாக்கலாம்தான். ஆனால் மந்திரிக்காத நெருப்பில் பொங்கினால் என் மாமியார் வாய் வைக்கமாட்டார். முந்தின நாளிலிருந்து பச்சைத் தண்ணீர்தான் அவருக்கு.

“ஒரு வார்த்தை சொல்லி வாங்கியாடி.”

“செத்தாலும் சொல்லமாட்டேன் அத்தை.”

கம்பை ஊன்றி அவரே போனார். சுவருக்கு அந்தப் பக்கம் சத்தம் கேட்டது.

“ஏடி, ஒனக்கும் நான்தான் மாமியா. அணைக்கட்டு வேலையிலருந்து வர்ற எம் மூத்த மகங்கிட்ட, ஒம் பொண்டாட்டி என்னையப் பட்டினி போட்டான்னு சொல்லவா?”

திரும்பும்போது ஓட்டில் கங்கு, மடியில் முட்டை.

“பாதிதான் ஒனக்கு. வைக்கோலு அவளுதுல்ல.”

பாதியா என்று வயிறு எரிந்தது. இருந்தாலும் அந்த வார்த்தையை என் வாயிலிருந்து அவளால் பிடுங்க முடியவில்லையே! முட்டைக் குழம்பைக் கொதிக்கவிட்டு, முறத்தை எடுத்து வாசம் முழுவதையும் சுவருக்கு அந்தப் பக்கமாக விசிறினேன்.

“என்னடி நாத்தம் அது, கொடலப் புரட்டுது!”

“எங்கோழி முட்டைக்கா!” என்றேன், தெருவுக்கே கேட்கும்படி.