பெயிண்டக்கா விட்டுவைத்த மரம்

வெட்ட வேண்டிய பைன் மரங்களுக்குச் சிவப்பு வளையம் தீட்டுவதுதான் அவளுடைய வேலை. அதனால் காட்டில் எல்லோருக்கும் அவள் பெயிண்டக்கா. வரிசையாக நட்டு வளர்த்த அந்தக் காட்டில் மரங்கள் நெருக்கியடித்துக்கொண்டு நின்றன. நண்பகலிலும் உள்ளே மங்கலான வெளிச்சம்தான். உதிர்ந்த ஊசியிலை மெத்தையில் காலடிச் சத்தமே கேட்காது.

ஓரிடத்தில் இரண்டு மரங்கள் தோளோடு தோள் உரசி நின்றன. அவளுக்குத் தூரிகையைத் தூக்க மனம் வரவில்லை. பின்னால் ரம்பத்தோடு வந்த கொழுந்தன், "ரெண்டையும் விட்டா ரெண்டும் நோஞ்சானாவே நிக்கும் அண்ணி," என்றான். அவளுக்குத் தெரியாததா? உச்சி சற்றே வளைந்திருந்த மரத்துக்கு வளையம் போட்டாள்.

அது சாய்ந்ததும் மேலே ஒரு துண்டு வானம் திறந்தது. வெயில் இறங்கிவந்து அவள் கால்மாட்டில் படுத்துக்கொண்டது. தனித்து நின்ற மரம் காற்றுக்கு ஆடியது. விழுந்துவிடுமோ என்று பயந்து அதைக் கட்டிப்பிடித்தாள். கைகள் இரண்டும் மறுபக்கத்தில் தாராளமாகச் சந்தித்தன.

பிறகு அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் கட்டிப்பிடித்துப் பார்ப்பாள். முதலில் கிளைகள்தான் விரிந்தன. அடிமரம் அப்படியே இருந்தது. அவளும் விடவில்லை. சில வருடங்கள் கழித்து ஒரு காலையில் அவளுடைய விரல்நுனிகள் ஒன்றையொன்று தேடின, எட்டவில்லை.

"மரம் பெருத்துச்சா, உங்க கை குட்டையாச்சா?" என்று கொழுந்தன் சிரித்தான்.

"பேசாம அந்தப் பக்கமா வந்து கையக் குடு," என்றாள், பட்டையிலிருந்து கன்னத்தை எடுக்காமல்.

அவன் ரம்பத்தைக் கீழே வைத்துவிட்டு வந்தான்.