வென்கோ அண்ணனின் முந்திய கை

வெனெலின் தோய்ச்செவ் எங்கள் ஓபராவில் முப்பத்தொரு வருஷம் இசைக்குழுவை நடத்தும் கோல் பிடித்தவர். ரசிகர்களில் ஒருவர்கூட அவர் முகத்தைப் பார்த்ததில்லை. கதையில் தூரத்துக் கோயில் மணி, போர் எக்காளம் என்று ஏதாவது வந்தால், மேடைக்குப் பின்னால் இருட்டில் நின்று எங்களை நடத்துவார். நான் அங்கே எக்காளம் ஊதுகிறவன்.

அதில் ஒரு எழவு பிடித்த சூட்சுமம் உண்டு. பின்னாலிருந்து போகும் சத்தம் அரங்கத்துக்குத் தாமதமாகத்தான் போய்ச் சேரும். அதனால் முன்னால் நிற்கும் நடத்துநரின் கையைச் சின்ன டிவியில் பார்த்து, அதைவிட ஒரு மயிரிழை முந்தித் தாளம் அடிக்க வேண்டும். முன்னால் நிற்பவருக்கு ‘மாயெஸ்த்ரோ’ என்று மரியாதை. இவர் எல்லோருக்கும் வென்கோ அண்ணன்தான்.

ஒரு மார்ச் மாதம், தலைநகர் சோஃபியாவிலிருந்து வந்திருந்த மாயெஸ்த்ரோவுக்கு மத்தியானம் சிறுநீரகக் கல் வலி. ஓபரா இயக்குநர் பவுனோவா அம்மா வென்கோ அண்ணனிடம் ஓடி வந்தார்.

“இன்னிக்கு நீங்க முன்னால நில்லுங்க. நல்லபடியா போச்சுன்னா அடுத்த சீசன்ல இருந்து அந்த இடம் உங்களுக்குத்தான்.”

அண்ணன் வீட்டிலிருந்து கிளம்பும்போது மனைவி பென்கா எங்கள் ஊர் வழக்கப்படி வாசற்படியில் ஒரு குடம் தண்ணீரைக் கவிழ்த்தாள். “எல்லாம் தண்ணி மாதிரி ஓடட்டும்!”

ஓடத்தான் செய்தது. நான் பின்னால் நின்று டிவியில் பார்த்துக்கொண்டிருந்தேன். பாடகி வாயைத் திறக்குமுன் அவர் கை விழுகிறது. அவள் எட்டிப் பிடித்தால் கை இன்னும் கொஞ்சம் முன்னால் போகிறது. முதல் அங்கம் நாலு நிமிஷம் முன்பே முடிந்துவிட்டது.

இடைவேளையில் ஓடினேன். “அண்ணே, கை முந்துது. பாடுறவளுக்காகக் காத்திருங்க.”

முகமெல்லாம் பூரிப்பு அவருக்கு. “போடா! பின்னால நிக்கிறவனுக்கு எதுவுமே சரியாக் கேக்காது. எனக்குத் தெரியாதா?”

இரண்டாம் அங்கத்தில் பாடகி பாதிப் பாட்டில் மூச்சு வாங்கி நின்றுவிட்டாள். திரை விழுந்தது. அவர் சட்டையைப் பிடித்து உலுக்கியாவது சொல்லியிருக்க வேண்டும் நான். அந்த ஆத்திரம் இன்றும் ஆறவில்லை.

மறுவாரம் சோஃபியாக்காரர் திரும்பி வந்தார். வென்கோ அண்ணன் இருட்டுக்குத் திரும்பினார். கை முந்தி விழுந்தது, நாங்கள் ஊதினோம், அரங்கத்தில் அச்சுப் பிசகாமல் போய்ச் சேர்ந்தது.

காட்சி முடிந்ததும் பவுனோவா அம்மா பின்னால் வந்தார். “அற்புதம் வென்கோ! இந்த வேலைக்கு உங்கள விட்டா ஆளே கிடையாது. அன்னிக்கு மட்டும் ஏன் அப்படி அவசரப்பட்டீங்க?”

அவர் கோலைப் பெட்டிக்குள் வைத்து மூடினார்.

“முப்பத்தொரு வருஷமா முந்தி அடி, முந்தி அடின்னு நீங்கதானம்மா சொன்னீங்க.”