இருபத்தொன்றரை அங்குலத் தடியங்காய்

காய்கறிக் கடையில் தடியங்காயைப் பார்த்தால் என் கை தானாகத் தலைக்குப் போய்விடும். மற்ற ஊர்க்காரர்கள் வெண்பூசணி என்று சொல்லும் அந்தக் காயை, மோர்க்குழம்புக்கு ஆகுமா என்று தட்டிப் பார்க்கிற பெண்களுக்கு நடுவே நின்றுகொண்டு, இது இருபத்தொன்றரை அங்குலம் இருக்குமா, இருபத்திரண்டா என்று நான் கண்ணால் அளந்துகொண்டிருப்பேன். எங்கள் தையல் டீச்சர் எனக்கு ஒட்டவைத்த வியாதி அது. அறுபதுகளின் தொடக்கத்தில், ஒரு சாரல் காலத்தில், தென்காசியில் நாங்கள் இருவரும் வாடகைக்கு இருந்த வீட்டில், அவளுடைய தையல் மிஷின் மேல், துணிச் சும்மாட்டில் உட்கார்ந்து, நாடக ராணி ஒருத்தியின் கூந்தலைச் சூடிக்கொண்டு இப்படி ஒரு காய் மூன்று நாள் இருந்தது. என் உத்தியோகம் அந்த மூன்று நாளும் அந்தக் காயை நம்பித்தான் இருந்தது.

நான் அப்போது பெண்கள் பள்ளியில் சரித்திர டீச்சர். சேர்ந்து இரண்டு வருஷம். இன்னும் நிரந்தரம் ஆகவில்லை. பங்குனியில் டைபாய்டு வந்து அச்சன்புதூரில் அப்பா வீட்டில் படுத்தேன். காய்ச்சல் விட்டுப் பத்தியக் கஞ்சியும் முடிந்து, அப்பாடா என்று தலையைச் சீவினால் சீப்போடு கற்றையாக வந்தது. சித்திரை முடிவதற்குள் தலையில் ஒன்றும் மிச்சமில்லை. அப்பாவுக்கு உள்ளூர நிம்மதிதான் என்று எனக்குத் தோன்றியது. "வேலையும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம், முடி வளரட்டும், நல்ல இடமாப் பாத்து முடிச்சிருவோம்" என்றார். படித்துப் பிடித்த வேலையை ஒரு காய்ச்சலுக்காக விடுகிற ஆள் நான் இல்லை. வைகாசியில் சேலைத் தலைப்பை முக்காடாகப் போட்டுக்கொண்டு தலைமையாசிரியையைப் போய்ப் பார்த்தேன். எல்லாரும் பெரிய டீச்சர் என்று சொல்லும் அவர் என் முக்காட்டின் ஓரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "வயசுப் பிள்ளைகள் இருக்கிற வகுப்பு. தலையை மூடிக்கிட்டு நின்னா நீங்க சொல்ற பாடத்தையா கவனிக்கும்? பள்ளிக்கூடம் திறக்கிற அன்னைக்கு மூடாம வந்து நில்லுங்க. முடியலைன்னா வேற ஆளைப் போடறதைத் தவிர எனக்கு வழியில்லை" என்றார். கோபமாகச் சொல்லியிருந்தால்கூட நான் எதிர்த்துப் பேசியிருப்பேன். அவர் வருத்தத்தோடு சொன்னதால் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு வாடகை வீட்டுக்கு வந்துவிட்டேன்.

அதே பள்ளியில் வேலை பார்த்த தையல் டீச்சருக்கு என்னைவிட மூன்று வயது கூடுதல். ஆனால் வீட்டில் இரண்டு பக்கமும் ஏட்டி, நீ, வா, போதான். வாய் கொஞ்சம் நீளம், கை அதைவிட வேகம். நான் வந்து சுவரைப் பார்த்து உட்கார்ந்ததும், "என்னத்துக்கு அழுத? முடிதான போச்சு, தலை இருக்குல்லா?" என்று கேட்டுவிட்டு, கட்டிலுக்கு அடியிலிருந்து ஒரு தகரப் பெட்டியை இழுத்தாள். முந்தின சீசனில் குற்றாலத்தில் கொட்டகை போட்டிருந்த ஒரு நாடகக் கம்பெனிக்கு அவள் உடுப்புகள் தைத்துக் கொடுத்திருந்தாள். கம்பெனி கலைந்து போகும்போது, ராணி வேஷம் கட்டுகிறவர் தன்னுடைய டோப்பாவை அவளுக்கு நினைவாகக் கொடுத்துவிட்டுப் போயிருந்தார். இடுப்புக்குக் கீழே தொங்கும் கூந்தல். நெற்றியில் சுருள் சுருளாக ஏழெட்டு வளையம். பவுடரும் வியர்வையும் கலந்த ஒரு வாடை. இதை வைத்துக்கொண்டு வகுப்பில் நின்றால் பாடம் நடத்த வேண்டாம், வசனம் பேசினால் போதும் என்றேன். அவள் காதில் வாங்கவே இல்லை. டோப்பாவை உள்பக்கம் திருப்பி, கனத்த துணியில் வரிசை வரிசையாக முடி தைத்திருந்ததைத் தடவிப் பார்த்தாள். "இது சட்டைதாம்ட்டி. தலைக்குத் தச்ச சட்டை. சட்டையச் சின்னதாக்கத் தெரியாதா எனக்கு?" என்றாள்.

என் தலையை இஞ்சு டேப்பால் சுற்றி அளந்தாள். இருபத்தொன்றரை. பள்ளி திறப்புக்கு முந்தின வெள்ளிக்கிழமை அது. அதே டேப்போடு என்னையும் இழுத்துக்கொண்டு சந்தைக்குப் போனாள். டோப்பாவை மாட்டி வெட்ட என் தலை அளவில் ஒரு காய் வேண்டுமாம். குடத்தில் மாட்டி வெட்டலாமே என்று நான் கேட்டதற்கு, "குடத்துல ஊசி குத்த முடியுமா?" என்றாள். தடியங்காய்க் குவியலில் ஒவ்வொரு காயாக எடுத்து வயிற்றைச் சுற்றி அளப்பதைப் பார்த்த வியாபாரி, "காய்க்குச் சட்டை தைக்கப் போறியளா டீச்சர்?" என்று கேட்டார். "ஆமா அண்ணாச்சி, நல்ல குடும்பத்துக் காயாப் பாத்துக் குடுங்க" என்று முகத்தில் சிரிப்பே இல்லாமல் சொன்னாள். முக்காட்டுக்குள் நான் சிரித்தேன். காய்ச்சலுக்குப் பிறகு நான் சிரித்தது அன்றைக்குத்தான்.

வீட்டுக்கு வந்ததும் காயின் மேல் படிந்திருந்த வெள்ளைச் சாம்பலைத் துடைத்தெடுத்தாள். இல்லாவிட்டால் முடியெல்லாம் நரைத்துவிடும். துணியில் அடையாளம் போடும் சிவப்புச் சாக்குக்கட்டியால் காயில் என் நெற்றி எல்லை, காது, பிடரி எல்லாவற்றையும் வரைந்தாள். டோப்பாவின் உள்துணியில் நாலு இடத்தில் பிடித்துத் தைத்துச் சுற்றளவைக் குறைத்தாள். பிளேடால் ஒரு வரிசை விட்டு ஒரு வரிசை முடியைப் பிரித்தெடுத்தாள். காய்ச்சல் கண்டவளுக்கு ராணியின் அடர்த்தி எதற்கு என்பது அவள் கணக்கு. ஓரம் முழுக்க மடித்துத் தைத்து அதற்குள் ஒரு நாடாவைக் கோத்து, பிடரிக்கடியில் முடிச்சு வரும்படி விட்டாள். கழன்றுவிடாதா என்று கேட்டேன். "பாவாடை அவுந்து விழுந்து எவளயாவது பாத்திருக்கியா? அப்ப இதும் விழாது" என்றாள். ஈரத்துணி விரித்து இஸ்திரிப் பெட்டியால் தேய்த்து அந்த நெற்றிச் சுருள்களை ஒழித்தாள். சனிக்கிழமை சாயங்காலம் எல்லாம் முடிந்து வெட்ட வேண்டியதுதான் பாக்கி. டோப்பா நகராமல் இருக்க இருபத்துநாலு குண்டூசியைக் காயில் குத்தி இறக்கினாள். வெட்டினால் வளராத முடி, பார்த்து வெட்டு என்றேன் நான். அவள் சாவகாசமாக ஒரு செம்புத் தண்ணீரை எடுத்து முடியை நன்றாக நனைத்தாள்.

தையல்காரிகள் புதுத்துணியை நனைத்து உலர்த்தித்தான் வெட்டுவார்கள். துணி சுருங்குகிற மட்டும் சுருங்கிவிடட்டும் என்று. அந்தப் பழக்கத்தில்தான் அவள் நனைத்தாள். ஆனால் முடி துணிக்கு நேர்மாறு. நனைந்தால் நீளும், காய்ந்தால் மேலே ஏறும், அதிலும் தேய்த்து நிமிர்த்திய சுருள் முடி பாதியாக ஏறிவிடும். அது எங்கள் இரண்டு பேருக்கும் தெரியாது. பின்பக்கம் ஒற்றைச் சடை போடுகிற நீளத்துக்கு வெட்டினாள், அது பிழைத்தது. முன்பக்கம் வகிட்டின் இரண்டு ஓரத்திலும் காதுக்குப் பின்னால் ஒதுக்கும் அளவுக்கு என்று நினைத்து ஈரத்தோடு வெட்டிவிட்டாள். மறுநாள் காலையில் காய்ந்த பிறகு பார்த்தால் நெற்றியை ஒட்டி முடி அரை விரல், ஒரு விரல் நீளத்தில் குச்சி குச்சியாக நின்றது. என் தலையில் மாட்டிப் பார்த்தோம். பின்னால் சடை, முன்னால் துடைப்பம். அவள் டோப்பாவைக் கழற்றி மறுபடி காயில் வைத்து ஒவ்வொரு ஊசியாகக் குத்திவிட்டு, அதன் முன்னால் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துவிட்டாள். மறுநாள் திங்கட்கிழமை, பள்ளிக்கூடம் திறப்பு. நான் அடுக்களைக்குள் போய் என் டிரங்குப் பெட்டியை எப்போது கட்டலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தேன்.

அந்த நேரம் பார்த்து வீட்டுக்கார மதினி முருங்கைக்கீரை கொடுக்க வந்து ஜன்னலில் எட்டிப் பார்த்திருக்கிறாள். உள்ளே ஒரு தடியங்காய். அதன் மேல் சிவப்புக் கோடுகள். சுற்றிலும் ஊசி. தலை நிறைய மனுஷ முடி. எதிரே ஒருத்தி கண்ணிமைக்காமல் உட்கார்ந்து ஏதோ முணுமுணுக்கிறாள். கீரை கீழே விழுந்த சத்தம் எனக்குக் கேட்டது. "டீச்சர், யாருக்கு வைக்கிய? யாரு குடியக் கெடுக்கப் பாக்கிய? எங்க வீட்டுல இருந்துக்கிட்டு செய்வினையா?" மதினி ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு கத்தினாள். தையல் டீச்சர் எழுந்து ஜன்னலுக்குப் போனாள். ஒரு வார்த்தையில் விஷயத்தைச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. என் தலையைப் பற்றி யாரிடமும் மூச்சுவிடக் கூடாது என்று நான் அவளிடம் சத்தியம் வாங்கியிருந்தேன். "நாடகத்துக்கு" என்றாள். "பொய் சொல்லாதிய. லீவுல என்ன நாடகம்? இன்னைக்கே வீட்டக் காலி பண்ணுங்க" என்றாள் மதினி. ஊரெல்லாம் வாய் போட்டு வம்பளக்கிற தையல் டீச்சர் தலையைக் குனிந்துகொண்டு நிற்கிறாள். எனக்காக. என்னால் அதற்கு மேல் உள்ளே நிற்க முடியவில்லை.

முக்காட்டை எடுத்துவிட்டு அடுக்களையை விட்டு வந்தேன். "மதினி, அது எனக்கு" என்றேன். வெறுந்தலையோடு ஜன்னல் வெளிச்சத்தில் நின்றபோது உடம்பெல்லாம் கூசியது. மதினி என்னைப் பார்த்தாள், காயைப் பார்த்தாள், மறுபடி என்னைப் பார்த்தாள். பிறகு சுற்றிக்கொண்டு வாசல் வழியாக உள்ளே வந்தாள். முன்னால் வெட்டிக் கெடுத்துவிட்டோம் என்று தையல் டீச்சர் சொன்னதும், அந்தக் குச்சி முடியை விரலால் தடவிப் பார்த்தாள். "இதக் கெடுத்துட்டோம்னா சொல்லுதிய? காய்ச்சல்ல கொட்டுன முடி இப்படித்தான முளைக்கும். எங்க சின்னவளுக்கும் முன்னால இப்படித்தான் குச்சி குச்சியா நின்னுச்சு. இது இல்லாம இருந்தாத்தான் டோப்பான்னு தெரியும்" என்றாள். தையல் டீச்சர் என்னைப் பார்த்த பார்வையை நான் மறக்கவில்லை. அவள் செய்த ஒரே தப்புதான் அந்த டோப்பாவுக்கு உயிர் கொடுத்திருந்தது. மதினியே அதை என் தலையில் மாட்டி, நாடாவை இறுக்கி, சடையை மெலிசாகப் பின்னி, போகும்போது கீழே கிடந்த கீரையையும் எடுத்துக் கொடுத்துவிட்டுப் போனாள்.

கண்ணாடி ஒத்துக்கொண்டால் போதாது, காற்று ஒத்துக்கொள்ள வேண்டும் என்று தையல் டீச்சர் சாயங்காலம் என்னைக் கோயிலுக்குக் கிளப்பினாள். குற்றாலத்தில் சாரல் என்றால் தென்காசியில் காற்று. அதிலும் பெரிய கோயில் கோபுர வாசல் காற்று, உள்ளே நுழைகிறவளை முகத்தில் அடித்து நிறுத்தும். சீசனில் அந்த வாசலைத் தாண்டும்போது தலையில் கை வைக்காத பெண் கிடையாது. அந்தக் காலத்தில் கோபுரமும் மேல்நிலையெல்லாம் இடிந்து மொட்டையாகத்தான் நின்றது. "உனக்குத் துணைக்கு ஆள் இருக்கு பாரு" என்று காட்டினாள். "கையத் தலைக்குக் கொண்டு போகாத. கொண்டு போனா நான் தச்சது தையலே இல்ல." இரண்டு கையாலும் தேங்காய்க் கூடையைப் பிடித்துக்கொண்டு நுழைந்தேன். காற்று வந்து அறைந்தது. நெற்றிக் குச்சி முடி அத்தனையும் சிலிர்த்துப் பின்னால் சாய்ந்தது. சடை அடித்துப் பறந்தது. நாடா பிடரியில் கடித்ததே தவிர, அரை நூல்கூட நகரவில்லை. கண்ணில் நீர் வழிய நிமிர்ந்தால், எதிரே பெரிய டீச்சர் சாமி கும்பிட்டுவிட்டு வந்துகொண்டிருந்தார்.

எங்களைக் கண்டதும் அவர் கொண்டையைப் பிடித்திருந்த கையைக் கும்பிடுவதற்காக எடுத்தார். அந்த ஒரு நொடிதான். அவருடைய கொண்டை சரிந்து, அதற்குள்ளிருந்து ஒரு சவுரி முடி கழன்று, கல்தரையில் போய் விழுந்து உருண்டது. சவுரி வைக்காத பெண் அந்தக் காலத்தில் யார் இருந்தார்கள்? இருந்தாலும் நடு வாசலில் விழுந்தால் யாருக்கும் மானம் போகும். தையல் டீச்சர் பாய்ந்து அதை எடுத்துக் கூடைக்குள் போட்டாள். நான் பெரிய டீச்சரை மறைத்துக்கொண்டு தூணோரமாக நின்றேன். காற்று படாத இடத்துக்குக் கூட்டிப்போய்க் கொண்டையைத் திருப்பிப் போட்டுவிட்டோம். கடைசிக் கொண்டை ஊசியை வைக்கும்போது அவர் முகமும் என் முகமும் ஒரு சாண் தூரத்தில் இருந்தன. என் நெற்றியையே பார்த்தார். "முடி நல்லாத்தான் முளைச்சிருக்கு" என்றார். பிறகு, "நாளைக்குப் பிரேயருக்கு நேரத்தோட வந்திருங்க" என்றார். தெரிந்து சொன்னாரா, தெரியாமல் சொன்னாரா என்று நான் கேட்டுக்கொண்டதே இல்லை. ரதவீதியில் நடக்கும்போது தையல் டீச்சர் என் காதில், "அவங்களுது முடிச்சு, உன்னுது தையல்" என்றாள். சிரிப்பு தாங்காமல் இரண்டு பேரும் ஒரு தேங்காய்க் கடையைப் பிடித்துக்கொண்டு நின்றோம்.

வீட்டுக்கு வந்ததும் அவள் அரிவாள்மணையை எடுத்துப்போட்டு உட்கார்ந்தாள். "இனி இந்தத் தல எதுக்கு? உன் தலையே போதும்" என்று தடியங்காயை இரண்டாகப் பிளந்தாள். குத்தின ஊசிகளை எண்ணினால் இருபத்துமூன்றுதான் இருந்தது. ஒரு ஊசியைக் காணோம். காயைத் துண்டு துண்டாக்கித் தேடினோம், டோப்பாவைத் தடவினோம், தரையைப் பெருக்கினோம். கிடைக்கவே இல்லை. அதற்காகக் காயை எறிகிற ஆளா அவள்? அன்றைக்கு மோர்க்குழம்பு. மதினிக்கும் ஒரு கிண்ணம் போனது, ஊசி விஷயத்தைச் சொல்லித்தான். ஊசிக்குப் பயந்து ஒவ்வொரு வாயாக மென்றதில், நாங்கள் சாப்பிட்டு எழ மூன்று வீட்டுச் சாப்பாட்டு நேரம் ஆனது. மறுநாள் காலை தலையை மூடாமல் பிரேயரில் முதல் வரிசையில் நின்றேன். ஒரு பிள்ளைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. யாரும் என்னைத் திரும்பிப் பார்க்காததில் அவ்வளவு சந்தோஷம் இருக்கும் என்று அதற்கு முன் எனக்குத் தெரியாது.

அடுத்த சாரலுக்குள் சொந்த முடி காதை மூடியது. அதற்கடுத்த வருஷம் டோப்பா தகரப் பெட்டிக்குத் திரும்பியது. அதே பள்ளியில் முப்பது வருஷத்துக்கு மேல் இருந்தேன். கடைசி நாலு வருஷம் பெரிய டீச்சர் நாற்காலியில். கோபுரத்துக்கும் மேல்நிலை வந்துவிட்டது. என் தலை இப்போது முழு வெள்ளை, ஆனால் அத்தனையும் என்னுடையது. தையல் டீச்சர் மகன் வீட்டோடு இலஞ்சியில் இருக்கிறாள். பள்ளிக்கூடம் திறக்கிற நாளில் வருஷம் தவறாமல் அவளிடமிருந்து போன் வரும். சுகமா என்று கேட்கமாட்டாள். "ஏட்டி, ஊசி கெடச்சுதா?" என்பாள். "தேடிக்கிட்டேதாம்ட்டி இருக்கேன்" என்பேன். அன்றைக்கு எங்கள் வீட்டில் தடியங்காய் மோர்க்குழம்புதான். மற்றவர்கள் சாப்பிட்டுக் கைகழுவி எழுந்த பிறகும் நான் ஒவ்வொரு வாயாக நிதானமாக மென்றுகொண்டிருப்பேன்.