மனு அறையின் கண்ணாடி

அந்த அறைக்கு வரைபடம் போட்டவன் நான்தான். சிறையில் இருப்பவரைப் பார்க்க வீட்டார் மனு எழுதிக் கொடுத்துவிட்டு வந்து நிற்கும் அறை. நடுவே இரண்டு கம்பிவலைகள், அவற்றுக்கிடையே மூன்றடி இடைவெளி. ஒரு பீடிகூடக் கைமாறாது என்று மேலதிகாரி மெச்சினார். நானும் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டேன். இரு பக்கமும் ஒரே நேரத்தில் இத்தனை பேர் கத்தினால் யாருக்கு என்ன கேட்கும் என்று யோசிக்கவில்லை. செவிடன் காதில் ஊதிய சங்கு என்பார்கள். அங்கே நல்ல காதுக்கும் அந்தக் கதிதான்.

பல வருடம் கழித்து அதை மாற்றும் வேலையும் என்னிடமே வந்தது. வலைக்குப் பதில் கண்ணாடி, இருபுறமும் தொலைபேசி. அளவெடுக்கப் போன அன்று, விக்கிரமசிங்கபுரத்திலிருந்து மகனைப் பார்க்க வந்திருந்த பெரியவர் ஒருவரிடம் பெருமையாகச் சொன்னேன்:

"இனிமே கத்த வேண்டாம் அண்ணாச்சி, போன் வருது."

அவர் என் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"எனக்குப் போன் எதுக்கு சார்? நூல் மில்லுல முப்பது வருசம், மிசின் சத்தத்துல காது போச்சு. அங்கன நாங்க உதட்டப் பாத்துதான் பேசிக்கிடுவோம். இங்கன வலைக்குள்ள மூஞ்சியே தெரியல. பய வாராவாரம் என்னமோ கேக்கான். நானும் தலைய ஆட்டிட்டுப் போறேன்."

எனக்கு வெட்கமாக இருந்தது. கைதி நிற்கும் பக்கம் இருட்டு. கண்ணாடியை மட்டும் மாட்டினால் அவர் தன் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டு நிற்பார். அந்தப் பக்கக் கூரையைத் திறந்து, கைதிகளின் முகத்தில் வெளிச்சம் விழும்படி படத்தைத் திருத்தினேன். "என்ன வே, ஜெயிலு கட்டுதீரா, கல்யாண மண்டபமா?" என்று சக பொறியாளர் கேலி செய்தார். நான் விடவில்லை.

வேலை முடிந்த முதல் வாரம் போய் ஓரமாக நின்றேன். பெரியவர் தொலைபேசியைத் தொடவே இல்லை. கண்ணாடிக்கு அப்பால் மகன் ஏதோ கேட்டான். வழக்கம்போல ஆட்டக் கிளம்பிய தலை பாதியில் நின்றது. பிறகு இல்லை, இல்லை என்று வேகமாக அசைந்தது. கண்ணாடியில் உள்ளங்கையை வைத்து அவர் அழுதார்.

வெளியே வந்ததும் என்னவென்று கேட்டேன்.

"'இன்னும் எம்மேல கோவமாப்பா'ன்னு கேட்டான் சார். மூணு வருசமா இதத்தான் கேட்டுக்கிட்டிருந்திருக்கான். நான் ஆமா, ஆமான்னுல்லா தலைய ஆட்டியிருக்கேன்."

அந்த வலையைப் போட்டவன் நான்தான் என்று அவரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.