அக்கா பாடும் இடம்

நானும் அக்காவும் பாரிஸ் லாச்சப்பலில் வளர்ந்தவர்கள். தமிழ்க் கல்யாணங்களில் நாட்டுப்பாடல் பாடுவோம். எங்கள் அண்ணை கீபோர்ட் வாசிப்பார். நான் மூச்சு எடுக்கும்போது அக்கா வரியைத் தொடருவார், அவர் எடுக்கும்போது நான். கேட்பவர்களுக்கு எந்தக் குரல் யாருடையது என்று தெரியாது. அதுதான் எனக்கு எரிச்சல். தனியாகப் பாட வேண்டும் என்று வீட்டில் ஓயாமல் சண்டை பிடிப்பேன்.

பாரிஸுக்குப் பக்கத்து ஊரான ஒபர்வில்லியேயில் ஒரு கல்யாணத்தன்று அக்காவுக்குத் தொண்டை கட்டிவிட்டது.

"இண்டைக்கு நீ தனியப் பாடு," என்றார் அண்ணை.

முதல் பாட்டின் மூன்றாவது வரியில், வழக்கமான இடத்தில் மூச்சு எடுத்தேன். பாட்டு அறுந்தது. கீபோர்ட் மட்டும் ஓடியது. பதறிப்போய் அக்காவைத் தேடினேன். கழுத்தில் சால்வையோடு மேடையோரம் இருந்த அவருடைய உதடுகள் அந்த வரியைச் சத்தமில்லாமல் பாடிக்கொண்டிருந்தன. அதைப் பார்த்தே மிச்சத்தைப் பிடித்தேன். பிறகு மூச்சை அடக்கி அடக்கிப் பாடி முடித்தேன்.

மணமகளின் தாய் வந்து, "உங்கடை குரல் இவ்வளவு வடிவெண்டு இண்டைக்குத்தான் தெரியும்," என்றார். நான் ஏங்கிக் கிடந்த வார்த்தை.

வீடு திரும்பும் பஸ்ஸில், "எப்பிடி இருந்தது?" என்று அக்காவைக் கேட்டேன்.

"நல்லாத்தான் பாடினாய்," என்றார் கம்மிய குரலில். "எனக்குத்தான் மூச்சு முட்டிப்போச்சு."

தனியாகப் பாடும் ஆசை இன்னும் போகவில்லை. வீட்டில் ஆளில்லாத நேரம் பாடிப் பார்க்கிறேன். அந்த மூன்றாவது வரியில் வாய் தானாக நின்று காத்திருக்கிறது.